காத்தாயி அக்காவும் ஒரு மோதிர நிழலும்

போன வாரம் ஷாலினி என் கைபேசிக்கு ஒரு படம் அனுப்பியிருந்தாள். தஞ்சாவூரில் ஒரு ஸ்கேன் சென்டரில் வேலை பார்க்கிறவள். நான் ஓய்வு பெறுவதற்கு முன் எக்ஸ்ரே பிரிவில் என்னிடம் கடைசியாகப் பயிற்சிக்கு வந்த கூட்டத்தில் ஒருத்தி. இப்போது அவளே நாலு பேருக்கு மூத்தவள். படத்தோடு ஒரு செய்தியும் இருந்தது. "மேடம், சர்க்கரைக்காரர் ஒருத்தர். பாப்பிலரி நெக்ரோசிஸ்னு டாக்டர் எழுதியிருக்கார். புத்தகத்துல படிச்சதுதான், நேர்ல இப்பதான் பாக்குறேன். நீங்க ஃபிலிம் காலத்துல பாத்திருக்கீங்களா?"

சிறுநீரகத்துக்குள்ளே சின்னதாக ஒரு வெள்ளை வளையம், நடுவில் கறுப்பு. கண்ணாடி போடாமலே எனக்குத் தெரிந்துவிட்டது. "பாத்திருக்கேன்" என்று ஒரு சொல்லில் பதில் போட்டுவிட்டுக் கைபேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டேன். அன்றைக்கு முழுக்க ஒரு வேலையும் ஓடவில்லை.

பழைய கருவிகளை நினைத்து நான் உருகுவதாக யாரும் எண்ண வேண்டாம். இருட்டறை மருந்தில் ஊறி ஊறி என் விரல் நகமெல்லாம் பழுத்துப் போனது எனக்குத்தான் தெரியும். அந்த வாடையோடு வீட்டுக்குப் போனால் சோறு இறங்காது. இன்றைக்கு ஷாலினி உட்கார்ந்த இடத்திலிருந்தே ஒரு சிறுநீரகத்தைத் துண்டு துண்டாகத் திருப்பிப் பார்க்கிறாள் என்றால், அந்தக் கருவிக்கு ஆயிரம் கும்பிடு. எனக்கு ஏக்கம் ஆட்கள் மேல். ஒரு டாக்டர், ஒரு நடவுக்காரி, என் அம்மா. மூன்று பேரும் இல்லை. ஷாலினிக்குச் சொல்ல வேண்டியதை இங்கே எழுதிவிடுகிறேன். கைபேசியில் இவ்வளவு தட்ட எனக்குப் பொறுமை கிடையாது.

என் ஊர் நன்னிலத்துக்குப் பக்கம். அப்பா பண்ணையாள், அம்மா நடவாள். நான் படித்தேன் என்றால் அது விடுதிச் சோறும் அம்மாவின் பிடிவாதமும். மெட்ராஸில் எக்ஸ்ரே பயிற்சி. எலும்புகளின் பெயரைப் படித்தேன், இருட்டில் கை பழகினேன், அவ்வளவுதான். பயிற்சி முடிகிற வருஷம் அம்மா போய்விட்டாள். முகம் அதைத்து, கால் வீங்கி, கடைசியில் வாயில் எது வைத்தாலும் குமட்டி. "நீர் கோத்துக்கிச்சு" என்று ஊரில் சொன்னார்கள். என்ன நோய் என்று யாரும் கேட்கவில்லை, கேட்டிருந்தாலும் சொல்ல ஆளில்லை. சாயங்காலம் வயலிலிருந்து வந்ததும் அம்மா நின்றபடியே செம்பு செம்பாகத் தண்ணீர் குடிப்பாள். குடித்து முடிக்கிற வரை நாங்கள் யாரும் அவளோடு பேசக் கூடாது. என் வேலை உத்தரவை அவள் பார்க்கவில்லை. அந்தக் குறை இன்றைக்கும் எனக்கு ஆறவில்லை.

தஞ்சாவூரில் பெரிய ஆஸ்பத்திரி ஒன்றில் என்னைப் போட்டார்கள். மேடைகளில் தமிழ் முழங்கிய காலம். ஊருக்கு ஊர் கொடிக்கம்பம் நட்டிருந்தார்கள். சில ஊரில் கறுப்பு சிவப்பு, சில ஊரில் வெறும் சிவப்பு. கூலிச் சண்டை வராத பருவமே இல்லை. வெட்டுப்பட்ட கையும் உடைந்த மண்டையும் எங்கள் மேசைக்கு வந்தபடி இருந்தன. எந்தக் கொடிக்காரன் எலும்பு என்று படத்தில் தெரியாது என்பது மட்டும்தான் எங்களுக்கு நிம்மதி.

குறுவைக்காலத்தில் எங்களுக்கு இரண்டு தொல்லைகள். ஒன்று மின்சாரம். சுற்றுவட்டாரத்தில் பம்புசெட் எல்லாம் ஓடும்போது எங்கள் எக்ஸ்ரே குழாய்க்குத் தெம்பே இருக்காது. மற்றது வெயில். படம் கழுவுகிற மருந்துத் தொட்டி சூடேறினால் ஃபிலிமில் பூசியிருக்கிற பூச்சு கூழாகிவிடும். அதற்காக நாகப்பட்டினத்திலிருந்து மீன் ஏற்றி வருகிற லாரிக்காரர்களிடம் ஐஸ் கட்டி கேட்டு வாங்குவோம். அதைச் சாக்கில் சுற்றித் தொட்டியைச் சுற்றி அடுக்குவோம். தஞ்சாவூர் சிறுநீரகங்கள் அத்தனையும் அந்தக் காலத்தில் வஞ்சிர மீன் வாடையோடுதான் வெளியே வந்தன.

எங்கள் ரேடியாலஜி டாக்டர் ரங்கநாதன். திருவிடைமருதூர்ப் பக்கம் பெரிய மிராசு வீட்டுப் பிள்ளை. நிலத்தை அண்ணன் பார்த்துக்கொண்டார், இவர் நிழலைப் பார்த்தார். முதல் நாள் அவரைக் கண்டதும் என் கால் தானாகப் பின்னால் போயிற்று, பரம்பரைப் பழக்கம். அவர் கவனித்திருக்க வேண்டும். "தனபாக்கியம், இந்த ரூம்ல ரெண்டு நாற்காலிதான் இருக்கு. ஒண்ணு எனக்கு, ஒண்ணு உங்களுக்கு. நோயாளிக்குத்தான் மேசை" என்றார். அதன் பிறகு அவர் இருக்கும்போது நான் நின்றதில்லை.

அவருடைய முறைகள் அவருக்கே உரியவை. படத்தை விரலால் தொட மாட்டார், தீக்குச்சியால்தான் காட்டுவார். ஈரம் சொட்டச் சொட்ட வெளிச்சப் பெட்டியில் மாட்டியதும் அவசரக்காரர்கள் ஆளுக்கொரு பெயர் சொல்லுவார்கள். அவர் வாயே திறக்க மாட்டார். சீட்டில் வலது பக்கம் நோவு என்று எழுதியிருந்தால் இடது பக்கத்தைத்தான் முதலில் பார்ப்பார். "நோகாத பக்கத்தைப் பார்க்கத்தான் ஆளில்லை தனம்" என்பார். பார்த்து முடித்த பிறகு எழுந்துபோய் நோயாளியோடு பேசுவார். என்ன வேலை, என்ன சாப்பாடு, எங்கே தூக்கம் என்று கேட்டுக்கொண்டே இருப்பார். சம்பந்தம் பேச வந்தவர்கூட இவ்வளவு கேட்க மாட்டார். அதைவிடப் பெரிய விஷயம், எல்லோரையும் 'வாங்க, சொல்லுங்க' என்றுதான் பேசுவார். எங்கள் பக்கத்தில் மிராசு வீட்டு வாயிலிருந்து அந்த 'ங்க' எங்களுக்கு வருவது அதிசயம்.

அப்படி ஒரு குறுவையில்தான் காத்தாயி அக்கா வந்தாள். நன்னிலம் பக்கத்துக்காரி, நடவுக் குழுவுக்குத் தலைவி. நாற்பதைத் தாண்டிய வயது, நெற்றியில் கோலிக்குண்டு அளவு குங்குமம், மருந்துக்குக்கூடக் கூச்சமில்லாத குரல். சிறுநீரில் ரத்தம். வலது விலாவுக்குக் கீழே கொக்கி போட்டு இழுக்கிற வலி, விட்டு விட்டு வந்தது. சர்ஜன் தொட்டுப் பார்த்து, சிறுநீரகத்தில் காசநோய் என்று சந்தேகப்பட்டார். அந்தக் காலத்தில் அதுதான் அதிகம், அவரைக் குறை சொல்ல முடியாது. வலது சிறுநீரகத்தை எடுத்துவிடுவது என்று ஆபரேஷன் பட்டியலில் பெயரும் ஏறிவிட்டது. அதற்கு முன் சாய மருந்து ஏற்றி ஒரு படம் வேண்டும் என்று எங்களிடம் அனுப்பினார்கள்.

அந்தப் படத்துக்கு முதல் நாளே நோயாளியைத் தயார் செய்ய வேண்டும். மத்தியானம் வந்தவளிடம் வழக்கமான பாட்டைப் பாடினேன்.

"ராத்திரி விளக்கெண்ணெய் குடுப்பாங்க, குடல் சுத்தமாகணும். அதுக்கப்புறம் படம் எடுத்து முடியிற வரைக்கும் சொட்டுத் தண்ணி குடிக்கக் கூடாது. தாங்குவீங்களாக்கா?"

அக்கா சிரித்தாள். "இதெல்லாம் ஒரு பத்தியமா பாப்பா? சேத்துல எறங்குனா பொழுது சாயிற வரைக்கும் நாங்க தண்ணியத் தொடுறதேயில்ல. தண்ணியில நிப்போம், தண்ணி குடிக்க மாட்டோம்."

"ஏன்?"

கேட்டது நான் இல்லை. டாக்டர் பின்னால் வந்து நின்றிருந்தார். "உக்காருங்கம்மா. ஏன் குடிக்க மாட்டீங்க?"

அக்கா திரும்பிப் பார்த்தாள், அந்த 'உக்காருங்க' வேறு யாருக்கோ என்று. யாரும் இல்லை. பிறகு தரையைப் பார்த்தாள். அவ்வளவு பெரிய குரல் அடங்கிப்போயிற்று. டாக்டரிடம் சொல்லவில்லை, என்னைப் பார்த்துத்தான் சொன்னாள்.

"குடிச்சா ஒதுங்கணும்ல பாப்பா? சுத்திலும் வெட்டவெளி. ஒரு பக்கம் நாத்துப் பறிக்கிற ஆம்பளைங்க, இன்னொரு பக்கம் கொடையப் புடிச்சுக்கிட்டு பண்ணைக் காரியக்காரரு. ஒரு மரம் கெடையாது, மட்டை கெடையாது. எங்க போயி ஒதுங்குறது? அதான் விடிய முந்தி போறதோட சரி. இருட்டுனாத்தான் மறுக்கா."

நான் நடவாள் வயிற்றில் பிறந்தவள். எனக்கு இது தெரியாததா? அம்மா நின்றபடியே குடித்த அத்தனை செம்புத் தண்ணீரையும் அப்போது நினைத்துக்கொண்டேன்.

டாக்டர் என் பக்கம் திரும்பினார். "தனம், இவங்களுக்குத் தண்ணி நிறுத்த வேண்டாம். வேணுங்கிற மட்டும் குடிக்கட்டும்" என்றார்.

"படம் வெளிறிப்போயிடுமே சார்?" என்றேன். உடம்பில் தண்ணீர் குறைந்தால்தான் சாய மருந்து கெட்டியாக இறங்கும், படம் பளிச்சென்று விழும். தண்ணீரை நிறுத்துவதே அதற்காகத்தான்.

"வெளிறட்டும். கூட ரெண்டு படம் எடுத்துக்கலாம். ஏற்கெனவே வறண்டு கிடக்கிற சிறுநீரகத்தை நாம வேற எதுக்குக் காயப்போடணும்?"

மறுநாள் காலையில் பம்புசெட்டுகள் எழுந்திருக்கும் முன்பே அவளை மேசையில் படுக்க வைத்தோம். முதலில் மருந்து ஏற்றாமல் ஒரு வெறும் படம். கல் எதுவும் தெரியவில்லை. பிறகு டாக்டர் கை நரம்பில் ஊசியைப் போட்டு மருந்தைத் துளித் துளியாக ஏற்றினார். கண்ணை அவள் முகத்திலிருந்து எடுக்கவே இல்லை. இந்த மருந்து சிலருக்கு ஒத்துக்கொள்ளாது. மூச்சு முட்டுகிறதா, தடிப்பு வருகிறதா என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும்.

"ஒடம்பு பூரா காந்துது பாப்பா. நாக்குல துருப்புடிச்ச அருவாள நக்குனாப்ல இருக்கு."

"அப்படித்தான் இருக்கும். வயித்துல பட்டை கட்டப் போறேன். மூச்சைப் புடிங்க."

பட்டையை இறுக்கினால் மருந்து கீழே இறங்காமல் சிறுநீரகத்திலேயே தங்கும். உள்ளே இருக்கிற கிண்ணங்கள் நிரம்பித் தெரியும். இடைவெளி விட்டு விட்டுப் படம் எடுத்தேன், பட்டையைத் தளர்த்தி மறுபடி எடுத்தேன். படங்கள் நான் பயந்தபடியே வெளிறித்தான் வந்தன. டாக்டர் அசரவில்லை. பொறுத்திருந்து தாமதமாக இன்னும் இரண்டு எடுக்கச் சொன்னார்.

ஐஸ் தொட்டியிலிருந்து கடைசிப் படத்தை எடுத்து மாட்டினேன். தீக்குச்சி இடது பக்கம் போயிற்று, நோகாத பக்கம். அங்கேயே நின்றுவிட்டது.

சிறுநீரகத்துக்குள் மொட்டு மொட்டாகச் சில சதை முனைகள் உண்டு. சிறுநீர் அந்த முனைகளில் சொட்டி, அவற்றைத் தாங்கியிருக்கிற கிண்ணங்களில் விழும். நல்ல சிறுநீரகத்தில் கிண்ணத்தின் விளிம்பு கூராக, நறுவிசாக இருக்கும். இந்த இடது சிறுநீரகத்தில் ஒரு கிண்ணத்துக்குள் மட்டும் வெள்ளை மோதிரம் ஒன்று கிடந்தது. செத்த முனை ஒன்று கழன்று கிண்ணத்துக்குள் விழுந்திருக்கிறது, மருந்து அதைச் சுற்றி வளைத்துக்கொண்டிருக்கிறது என்று அதற்கு அர்த்தம். ஷாலினி எழுதிய பாப்பிலரி நெக்ரோசிஸ் இதுதான். பிறகு தீக்குச்சி வலது பக்கம் வந்தது. அங்கே மோதிரம் இரண்டு. மற்றக் கிண்ணங்கள் விளிம்பு கிழிந்து நண்டுக் கொடுக்குப் போல விரிந்திருந்தன. கழன்ற துண்டு ஏதோ குழாயில் இறங்கி அடைக்கும்போதுதான் அந்தக் கொக்கி போட்ட வலி.

"காசநோய் சார்?" என்றேன்.

"அது இப்படி நறுவிசா வளையம் போடாது. அரிச்சு அரிச்சுத் தின்னும், குழாயைச் சுருக்கும். பெரும்பாலும் ஒரு பக்கம்தான் முத்தும். இது ரெண்டு பக்கமும் சொல்லி வச்சாப்ல இருக்கு." தீக்குச்சியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். "முனை செத்திருக்குன்னு படம் சொல்லிடுச்சு. எதனால செத்துதுன்னு படம் சொல்லாது. அதை அவங்ககிட்டத்தான் கேக்கணும்."

சர்க்கரை இருந்தால் இப்படி வரும், அவளுக்கு இல்லை. சிறுநீர் வழி அடைத்துச் சீழ் பிடித்தால் வரும், அதற்கான தடயம் இல்லை. ரத்தத்தில் சிவப்பணு அரிவாள் மாதிரி வளைந்திருந்தால் வரும். அதையும் முதல் நாளே சோதிக்கச் சொல்லியிருந்தார், இல்லை. மிச்சம் ஒன்றுதான். அவள் பக்கத்தில் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"இடுப்பு வலிக்கு என்னம்மா சாப்பிடுவீங்க?"

அக்கா முகம் மலர்ந்தது. "மாத்திரதாங்க. வெள்ள மாத்திர, ஏ.பி.சி.ன்னு சொல்வாங்களே. அது போட்டா இடுப்புன்னு ஒண்ணு இருக்கிறதே தெரியாது. அதுக்காவத்தானே போன வருசம் சண்டையே நடந்துச்சு!"

"சண்டையா?"

"ஆமாங்க. மொதல்ல பண்ணையில அவங்களாத்தான் குடுத்தாங்க, டீயும் மாத்திரையும், நடவு வெரசா ஆவட்டும்னு. கூலிப் பேச்சு முத்துனதும் எங்களுக்கு நிறுத்திப்புட்டு வெளியூரு ஆளுக்கு மட்டும் குடுத்தாங்க. விட்டுற முடியுமா? தாசில்தாரு முன்னாடி பேச்சு நடந்தப்ப நாந்தான் எந்திரிச்சேன். கூலியோட டீ, டீயோட மாத்திர, ஒத்துக்கிட்டாத்தான் சேத்துல கால வப்போம்னேன். ஒத்துக்கிட்டாங்கள்ல!" சொல்லும்போது படுத்தபடியே தலையை நிமிர்த்தினாள்.

"எத்தனை போடுவீங்க?"

"காலையில ஒண்ணு, மத்தியானம் ஒண்ணு, நோவு கூடன்னா பொழுதோட ஒண்ணு. வேல இல்லாத நாளும் போட்டாவணும், இல்லாட்டி தல வெடிச்சுரும்."

"எத்தனை வருஷமா?"

"என் கடைசிப் பொண்ணு மடியில இருக்கயிலேருந்து. இப்ப அவளே நடவுக்கு வர்றா."

டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மறுபடியும் துடைத்தார். "எங்க வீட்டு நெல்லுப் பத்தாயத்துக்கு மேலயும் அந்த மாத்திரை டப்பா ஒண்ணு இருக்கு தனம்" என்றார், எனக்கு மட்டும் கேட்கும்படி.

சர்ஜன் ஆபரேஷன் உடுப்போடேயே வந்தார். ஆள் வரும் முன்னே குரல் வரும். "ரங்கநாதா, பேரு லிஸ்ட்ல ஏறியாச்சு. இன்னும் என்ன படம் பாத்துக்கிட்டு?"

டாக்டர் தீக்குச்சியை இடது பக்கத்து மோதிரத்தில் வைத்தார். சர்ஜன் குனிந்தார். நிமிர அவருக்கு வெகு நேரம் ஆனது.

"ரெண்டு பக்கமுமா?"

"ரெண்டு பக்கமும்."

"வலதை நான் எடுத்திருந்தா, மிச்சம் இதை நம்பித்தானே இருந்திருப்பா?" சர்ஜன் வாசல் பக்கம் திரும்பி நர்ஸைக் கூப்பிட்டார். "அந்தம்மா பேரை அடிச்சிடுங்க." போகும்போது டாக்டர் தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போனார். பெரிய மனுஷன், தப்பை ஒப்புக்கொள்ளக் கூச்சப்படாதவர்.

அக்காவிடம் சொல்கிற வேலைதான் கஷ்டம். ஆபரேஷன் இல்லை என்றதும் சிரித்தவள், மாத்திரை என்றதும் எழுந்து உட்கார்ந்துவிட்டாள். டாக்டர் அவள் பாஷையிலேயே சொன்னார்.

"கடைமடை தெரியும்ல உங்களுக்கு? ஆத்துல தண்ணி கொறைஞ்சா மொதல்ல எது காயும்?"

"கடமடதான்."

"சிறுநீரகத்துல அந்த முனைங்கதான் கடைமடை. ரத்தம் கடைசியா போய்ச் சேர்ற எடம். நீங்க பகல் பூரா தண்ணி குடிக்காம வாய்க்காலைக் காயப்போடுறீங்க. அந்த மாத்திரை போய் அங்கதான் கெட்டியா நிக்குது. பயிரைக் கருக்கிடுது. கருகினது கருகினதுதான், திரும்ப வராது. மிச்சத்தையாவது காப்பாத்தணும். மாத்திரையை விடணும், தண்ணி குடிக்கணும்."

அக்காவுக்குக் கோபம்தான் வந்தது.

"நான் எந்திரிச்சு நின்னு பேசி வாங்குனதுங்க அது. சிறைக்குப் போயி வாங்குனவங்க இருக்காங்க. அத நானே வாணாம்னு சொன்னா மிராசுதாருங்க கைகொட்டிச் சிரிக்க மாட்டாங்களா? எங்க பொம்பளைங்க என் மூஞ்சில முழிப்பாங்களா? மாத்திர இல்லாம எப்புடிக் குனியிறது? தண்ணி குடிங்கிறீங்க. குடிக்கிறேன். எங்க ஒதுங்குறது? அதச் சொல்லுங்க மொதல்ல."

"தெரியலைம்மா" என்றார் டாக்டர். "வலிக்கு ஒத்தடம் இருக்கு, தைலம் இருக்கு. நட்டுக்கிட்டே இருக்காம நடுவுல நிமிந்து நிக்கலாம். எங்க ஒதுங்குறதுன்னு எனக்குச் சொல்லத் தெரியலை. நான் அந்த வரப்புலேயே வளந்தவன். ஒரு நாளும் இது எனக்குத் தோணினதில்லை."

ஒரு மிராசு வீட்டுப் பிள்ளை ஒரு நடவாளிடம் தெரியவில்லை என்று சொல்லி நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை. அக்காவும் அதற்கு மேல் சண்டை போடவில்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு மேசை விளிம்பில் உட்கார்ந்திருந்தாள்.

அவளை வார்டுக்கு அனுப்பிய பிறகு நான் கேட்டேன். கேட்காமல் இருக்க முடியவில்லை. "சார், எங்கம்மாவும் அந்த மாத்திரைதான் போடுவாங்க. முகம் அதைச்சு, கால் வீங்கி, வாந்தியெடுத்துப் போனாங்க. அதுவும் இதுதானா சார்?"

அவர் என்னை ஏறிட்டுப் பார்த்தார். ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். இல்லை என்றாவது சொல்லியிருக்கலாம். "படம் பாக்காம நான் சொல்ல மாட்டேன் தனம்" என்றார்.

அன்றைக்கு அவர்மேல் எனக்கு ஆத்திரமான ஆத்திரம். பிறகு யோசித்துப் பார்த்தால், அவர் ஆறுதலுக்காக ஒரு பொய் சொல்லியிருந்தால் அதற்கப்புறம் அவர் படித்த எந்தப் படத்தையும் நான் நம்பியிருக்க மாட்டேன். வேலை பார்த்த காலம் பூராவும் எத்தனையோ பெண்களை அந்த மேசையில் படுக்க வைத்து மூச்சைப் பிடிக்கச் சொல்லியிருக்கிறேன். என் அம்மாவை ஒரே ஒரு முறை படுக்க வைக்கக் கொடுத்துவைக்கவில்லை. மார்பையும் முதுகையும் தொட்டுச் சரிசெய்து, "அசையாதேம்மா" என்று ஒரு தடவை சொல்ல வேண்டும். இந்த ஆசையை வெளியில் சொன்னால் சிரிப்பார்கள் என்று இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

அடுத்த ஞாயிறு டாக்டர் ஊருக்குப் போய்விட்டு வரும்போது ஒரு தகர டப்பாவைக் காலியாகக் கொண்டுவந்து இருட்டறையில் வைத்தார். அண்ணனோடு பேச்சு முற்றிவிட்டது என்று பிற்பாடு தெரிந்தது. ஃபிலிம் மாட்டுகிற கிளிப்புகளை அதில் போட்டு வைத்துக்கொண்டேன். பல வருஷம் கழித்து அந்த மாத்திரையில் இருந்த ஒரு மருந்தையே சர்க்கார் தடை செய்தது. அப்போது அவர் எங்கள் ஆஸ்பத்திரியில் இல்லை. அந்தச் செய்தியைப் படித்ததும் மனசு முதலில் தேடியது அவரைத்தான்.

காத்தாயி அக்கா போனவள் போனவள்தான் என்றிருந்தேன். மாத்திரையை விட்டிருக்க மாட்டாள் என்றே நினைத்தேன். அடுத்த பருவம் தொடங்கும்போது மறுபடி படத்துக்கு வந்து நின்றாள். எடுத்துப் பார்த்தோம். பழைய மோதிரங்கள் இருந்த இடத்தில் இருந்தன, புதிதாக ஒன்றும் இல்லை. டாக்டர் தீக்குச்சியை வைத்துவிட்டு, "நல்ல காரியம் பண்ணீங்கம்மா" என்று கை கூப்பினார். அவள் பதறிப்போய், "ஐயோ, நீங்க போயி" என்று எழுந்துவிட்டாள்.

"எப்படிக்கா விட்டீங்க?" என்றேன்.

"விட்ட புதுசுல தல வெடிச்சுது பாப்பா. அது கெடக்கட்டும், நீ ஒரு நா ஊருக்கு வா. நடவு நடக்குது. வந்து பாரு."

போனேன். நன்னிலத்தில் பஸ்ஸை விட்டு இறங்கி வாய்க்கால் கரையோடு நடந்தேன். வழியில் அக்காவே எதிர்கொண்டு வந்து நடந்ததைச் சொன்னாள். அந்த வருஷப் பேச்சில் எல்லாரும் கூலியைப் பேசி முடித்த பிறகு இவள் எழுந்திருக்கிறாள். டீ இருக்கட்டும், மாத்திரை வேண்டாம், அதற்குப் பதிலாக ஒவ்வொரு நடவு வயலிலும் வரப்பு மேட்டில் பெண்களுக்குக் கீற்று மறைப்பு கட்டித் தர வேண்டும், ஒரு பானை குடிதண்ணீரும் வைக்க வேண்டும் என்றிருக்கிறாள். மிராசுதார்கள் சிரித்தார்களாம். சங்கத்து ஆண்களும் தலையைக் குனிந்துகொண்டார்களாம். "இதெல்லாமா ஒரு கோரிக்கை?" என்று ஒருவர் கேட்டாராம்.

"நான் என்ன சொன்னேன்கிற? உங்க வூட்டுப் பொம்பளைங்களுக்குக் கொல்லப்பக்கம் இருக்குங்க, எங்களுக்கு வரப்புதான் இருக்கு, இது கட்டாம ஒரு நாத்துகூட சேத்துல எறங்காதுன்னேன். அப்பறம் ஒருத்தரும் சிரிக்கல."

வயல் வந்தது. பெண்கள் வரிசையாகக் குனிந்து நட்டுக்கொண்டிருந்தார்கள். வரப்பு மேட்டில் நாலு மூங்கில் நட்டு, தென்னங்கீற்று கட்டி, ஆள் உயரத்துக்கு ஒரு மறைப்பு. பக்கத்தில் ஈரத்துணி சுற்றிய பானை. ஒருத்தி கரையேறி வந்து ஒரு செம்புத் தண்ணீரை நிதானமாகக் குடித்தாள். மறைப்புக்குள் போனாள், வந்தாள், மறுபடி சேற்றில் இறங்கினாள். யாரும் அவளைத் திரும்பிப் பார்க்கவில்லை. காரியக்காரர் குடையை வேறு பக்கம் சாய்த்துக்கொண்டு நின்றார்.

"போயி உள்ள பாரு, கெட்டியா இருக்கு" என்றாள் அக்கா பெருமையாக.

உள்ளே போனேன். எனக்கு அவசரம் ஒன்றும் இல்லை. பச்சைக் கீற்று வாடை. இடுக்கு வழியாகத் துண்டு துண்டாக வெயில். வெளியே வயலும் ஆட்களும் இருந்தார்கள், உள்ளே என்னைப் பார்க்க ஒருவரும் இல்லை. அம்மா நடவு வயலில் குனிந்த அத்தனை பகலிலும் அவளுக்கு இவ்வளவு இடம் போதுமாயிருந்திருக்கும். இரண்டு கீற்றின் அகலம். எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன். அம்மாவை நினைத்து அழ எனக்கும் அதுவரை ஒரு மறைவான இடம் கிடைத்ததில்லை.

வெளியிலிருந்து காத்தாயி அக்காவின் குரல் கேட்டது. "பாப்பா, வெரசா வா. பொம்பளைங்க வரிசையா நிக்கிறாங்க."